ஆறு மாதக் கெடு வந்த கட்டுகள்

நில வழக்கில் சிக்கியிருக்கும் உறவினர்களும் நண்பர்களும் என்னிடம் பேசும்போது, "உயர் நீதிமன்றத்திலேயே உத்தரவு வாங்கிவிட்டோம், இனி ஆறு மாதத்துக்குள் முடித்தாக வேண்டும்" என்று நிம்மதியோடு சொல்வதுண்டு. அந்த நிம்மதியை நான் குறைத்துப் பேசமாட்டேன். பதினைந்து, இருபது வருடம் வாய்தா வாங்கியே ஓய்ந்துபோன குடும்பத்துக்குக் கெடு போட்ட ஒரு காகிதம் கிடைப்பது சாதாரண விஷயமல்ல. ஆனால் அந்தக் காகிதம் வந்து சேரும் இடத்தில் என் வேலைக்காலம் முழுவதும் உட்கார்ந்திருந்தவன் நான். சிறிய ஊர் நீதிமன்றம் ஒன்றில் பெஞ்ச் கிளார்க்காக இருந்து, பிறகு அலுவலகத் தலைமை எழுத்தரான சிரஸ்தாராக ஓய்வு பெற்றேன். மேலிருந்து வரும் உத்தரவைப் பதிவேட்டில் ஏற்றி, வழக்குக் கட்டின் மேலட்டையில் சிவப்பு மையால் கெடு தேதியை எழுதி, நீதிபதியின் மேசைக்குக் கொண்டுபோவது என் வேலை. அந்தக் கட்டு மேலே ஏறும்போது வேறொரு கட்டு கீழே இறங்கியதையும் நானே பார்த்தேன். கீழே இறங்கிய கட்டுக்குரியவர்கள் வராந்தாவில் நின்றுகொண்டிருப்பார்கள். அவர்களுக்கு என்ன நடந்தது என்று யாரும் சொல்வதில்லை.

இந்த உத்தரவு எப்படிப் பிறக்கிறது என்பதை வழக்காடியவர்கள் அறிவார்கள். அரசியல் சட்டத்தின் 227ஆவது பிரிவு கீழமை நீதிமன்றங்களைக் கண்காணிக்கும் அதிகாரத்தை உயர் நீதிமன்றத்துக்குக் கொடுக்கிறது. அதன்கீழ் சென்னையிலோ மதுரைக் கிளையிலோ ஒரு சிவில் சீராய்வு மனு போட்டு, "என் வழக்கு இத்தனை வருடமாக நிலுவையில் இருக்கிறது, விரைந்து முடிக்கச் சொல்லுங்கள்" என்று கேட்கலாம். பெரும்பாலும் முதல் நாளிலேயே உத்தரவு கிடைத்துவிடும். எதிர்த்தரப்புக்கு இதனால் பாதிப்பில்லை என்று குறிப்பிட்டு, நோட்டீஸ்கூட அனுப்பாமல் மனுவை முடித்துவிடுவார்கள். வழக்கின் தன்மைக்குள் போகவில்லை, சட்டப்படி இத்தனை மாதத்துக்குள் தீர்ப்பு சொல்லவும் என்று இரண்டு பக்கத்தில் முடிந்துவிடும். கேட்டவருக்குக் கிடைத்தது, மறுப்பவர் யாருமில்லை. ஆனால் அந்த நீதிமன்றத்தில் அதற்கு முன்னால் எத்தனை வழக்குகள் நிற்கின்றன, கெடு வாங்கிய வழக்குகள் ஏற்கெனவே எத்தனை, அங்கே இப்போது நீதிபதி இருக்கிறாரா என்ற கேள்விகள் எல்லாம் அந்த இரண்டு பக்கத்துக்கு வெளியே நின்றுவிடுகின்றன. எதிர்த்தரப்புக்குப் பாதிப்பில்லை என்பது உண்மையாகவே இருக்கலாம். பாதிக்கப்படுகிறவர் அந்த வழக்கில் தரப்பினரே அல்லாத ஒருவர்.

நான் கடைசியாகப் பணிபுரிந்தது மாவட்ட உரிமையியல் மற்றும் குற்றவியல் நடுவர் நீதிமன்றம். சின்ன ஊர்களில் இரண்டு வேலையும் ஒரே நீதிபதிக்குத்தான். காலையில் உட்கார்ந்ததும் வழக்குகளை அழைத்து வாய்தா போடவே ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகும். நடுவில் போலீசார் கைதிகளோடு வந்து நிற்பார்கள். ரிமாண்டை நாளைக்குத் தள்ள முடியாது. தீக்காயத்தோடு யாரையாவது மருத்துவமனையில் சேர்த்திருந்தால், மரண வாக்குமூலம் வாங்க நீதிபதி கிளம்பியாக வேண்டும், கூண்டில் ஏறிய சாட்சியை இறக்கிவிட்டுத்தான் போவார். மே மாதம் சிவில் நீதிமன்றங்களுக்குக் கோடை விடுமுறை. வழக்கறிஞர்கள் புறக்கணிப்பு அறிவித்தால் சாட்சி விசாரணை நடக்காது. நீதிபதி மாறுதலாகி, புதியவர் வரும்வரை பக்கத்து ஊர் நீதிபதி பொறுப்பு வகித்தால், அவர் அவசர மனுக்களைப் பார்த்துவிட்டு மற்ற எல்லாவற்றுக்கும் வாய்தா போட்டுவிட்டுத் தன் நீதிமன்றத்துக்குத் திரும்பிவிடுவார். பிப்ரவரியில் வந்த ஆறு மாதக் கெடுவில் இவையெல்லாம் அடக்கம். அதற்குள் நிஜமாகவே சாட்சி விசாரணைக்குக் கிடைக்கிற மதிய வேளைகள் கொஞ்சம்தான். அந்தக் கொஞ்சத்தைத்தான் எல்லா வழக்குகளும் பங்கிட்டுக்கொள்ள வேண்டும்.

வண்டிப்பாதை வழக்கு

இந்த விஷயத்தில் என் மனது ஒரு பக்கமாகத் திரும்பியது ஒரு குறிப்பிட்ட நாளில்தான். அதுவரை கெடு வந்த வழக்கு என்றால் முதலில் எடுக்க வேண்டிய வழக்கு, அவ்வளவே. அன்று விசாரணைப் பட்டியலில் ஒரு வண்டிப்பாதை வழக்கு இருந்தது. கணவர் இறந்தபின் கொழுந்தன் பாதையில் முள்வேலி போட்டுவிட்டான் என்று பாதையை மறிக்காமலிருக்க நிரந்தர உறுத்துக் கட்டளை கேட்டு ஓர் அம்மாள் போட்ட வழக்கு. எதிர்த்தரப்பு வழக்கறிஞர் வழக்கமாக ஏதாவது காரணம் சொல்லி வாய்தா வாங்குகிறவர், அன்று அபூர்வமாகத் தயாராக வந்திருந்தார். அம்மாளுடைய தரப்புச் சாட்சி அந்தப் பாதையில் மாட்டுவண்டி போன காலத்தைப் பார்த்த முதியவர். நடக்க முடியாதவரை வாடகைக்கு ஆட்டோ பிடித்து அழைத்து வந்திருந்தார்கள். மதியம் கூண்டில் ஏற்ற வேண்டியதுதான் பாக்கி.

அன்றைக்கு இன்னொரு வழக்கும் இருந்தது. ஊரில் வசதியான குடும்பத்துக்குள் நடக்கும் கடை வளாகப் பாகப்பிரிவினை. கெடு முடிய இரண்டு வாரம்தான் மிச்சம். மதியம் முழுவதும் அதில் குறுக்கு விசாரணை நடந்தது, ஐந்து மணியைத் தாண்டியும் நடந்தது. வழக்கு எண்ணைப் பார்த்தாலே எந்த வருடத்தில் போட்டது என்று தெரிந்துவிடும். வண்டிப்பாதை வழக்கு அதைவிடப் பல வருடம் மூத்தது. நீதிபதியை நான் குறை சொல்லமாட்டேன். நல்ல உழைப்பாளி, எரிச்சலை முகத்தில் காட்டாதவர். கெடு தவறினால் காரணம் எழுதி மேலே அனுப்ப வேண்டியவர் அவர். வண்டிப்பாதை வழக்கு தள்ளிப்போனால் யாருக்கும் காரணம் எழுத வேண்டியதில்லை.

வாய்தா தேதியைக் கேட்க அந்த அம்மாள் என் மேசைக்கு வந்தார். தேதியைத் துண்டுக் காகிதத்தில் எழுதிக் கொடுத்தேன். வாங்கிக்கொண்டு அங்கேயே நின்றார். பிறகு, "ஐயா, அவர்கள் வாங்கிக்கொண்டு வந்திருக்கிறார்களே, அந்த மாதிரி ஓர் உத்தரவு வாங்க எவ்வளவு செலவாகும்?" என்று கேட்டார். குரலில் கோபம் இல்லை. நகல் மனுவுக்கு எவ்வளவு ஸ்டாம்பு ஒட்ட வேண்டும் என்று விசாரிப்பதுபோல விசாரித்தார். நீதிமன்ற ஊழியன் அதற்குப் பதில் சொல்லக் கூடாது. "உங்கள் வக்கீலைக் கேளுங்கள் அம்மா" என்றேன். அந்தக் கேள்விதான் இத்தனை காலமாக என்னைத் தொந்தரவு செய்துகொண்டிருக்கிறது. அவருடைய கணிப்பு சரியாக இருந்தது. வரிசையில் முன்னால் போவதற்கு விலை இருக்கிறது என்பதை அவர் ஒரே மதியத்தில் கண்டுகொண்டார். மதுரையில் ஒரு வழக்கறிஞரை அமர்த்த வேண்டும், வழக்கு ஆவணங்களின் நகல்கள் வேண்டும், போக வர ஆள் வேண்டும். திருப்பூரில் வேலை பார்க்கும் மகன் பணம் அனுப்பட்டும் என்று காத்திருந்தார்.

அடுத்த வாய்தாவுக்கு அந்த முதியவரால் வர முடியவில்லை, படுக்கையில் விழுந்துவிட்டார். ஆணையர் ஒருவரை நியமித்து வீட்டுக்கே போய்ச் சாட்சியம் பதிவு செய்யச் சட்டத்தில் வழி இருக்கிறது. அதற்கும் மனு, அதற்கும் கட்டணம். மனு போட்டு, எதிர்த்தரப்பு ஆட்சேபணை சொல்லி, உத்தரவு வருவதற்குள் அவர் போய்விட்டார். பாதையைப் பற்றி அவருக்குத் தெரிந்ததை அந்தக் கட்டில் எந்தப் பக்கத்திலும் காண முடியாது.

பின்னாளில் அந்த அம்மாளும் உத்தரவு வாங்கிக்கொண்டு வந்தார். அதற்குள் ஊரில் எல்லா வழக்கறிஞர்களும் இந்த வழியைப் பிடித்துக்கொண்டிருந்தார்கள். கட்சிக்காரர்களே, "எங்களுக்கும் ஒன்று வாங்கிக் கொடுங்கள்" என்று கேட்கத் தொடங்கியிருந்தார்கள். என் அலமாரியில் சிவப்பு மை போட்ட கட்டுகளுக்குத் தனி அடுக்கு ஒதுக்கினேன், பிறகு அந்த அடுக்கும் போதவில்லை. கெடு வாங்கிய வழக்குகளுக்குள் எந்தக் கெடு முதலில் முடிகிறது என்று ஒரு துணைப் பட்டியல் தயாரித்தோம். கெடு நெருங்கியவற்றுக்குக் கால நீட்டிப்புக் கேட்டு உயர் நீதிமன்றப் பதிவாளருக்குக் கடிதம் எழுதுவது வாராந்தர வேலையாகிவிட்டது. ஒவ்வொரு கடிதத்திலும் அந்த வழக்கு எந்தெந்தத் தேதியில் எதற்காகத் தள்ளிப்போனது என்று நாட்குறிப்பிலிருந்து எடுத்து எழுத வேண்டும். விரைவுபடுத்த வந்த உத்தரவுக்குப் பதில் எழுதுவதிலேயே சுருக்கெழுத்தாளரின் நேரம் கரைந்தது. தீர்ப்புகளைத் தட்டச்சு செய்ய வேண்டியவரும் அவர்தான்.

கெடுவும் தடையும்

வழக்குத் தாமதம் என்றதும் கீழமை நீதிமன்றத்தின் சோம்பல் என்று எழுதிவிடுவது எளிது. சோம்பல் எங்கேயும் இல்லை என்று நான் சொல்ல வரவில்லை. ஆனால் கெடு வைத்த அதே உயர் நீதிமன்றத்திலிருந்தே தடையும் வந்ததைப் பலமுறை பார்த்திருக்கிறேன். கிரய ஒப்பந்தத்தில் இருப்பது தன் கையெழுத்தே இல்லை, நிபுணர் கருத்துக்கு அனுப்ப வேண்டும் என்று பிரதிவாதி கடைசி நேரத்தில் மனு போடுவார். கெடு இருக்கிறதே என்று நீதிபதி அதைத் தள்ளுபடி செய்வார். அதை எதிர்த்து ஒரு சீராய்வு மனு போகும், இடைக்காலத் தடை வரும். கெடுவும் தடையும் ஒரே கட்டில் அடுத்தடுத்த பக்கங்களில் இருக்கும். சில வழக்குகளில் கெடுவுக்குப் பயந்து, சாட்சி வராத நாளிலேயே அந்தத் தரப்புச் சாட்சியத்தை முடித்துவிடுவார்கள். தீர்ப்பும் வந்துவிடும். மேல்முறையீட்டில், போதிய வாய்ப்புத் தரவில்லை என்று அது ரத்தாகி, மறுவிசாரணைக்குத் திரும்பி வரும். புள்ளிவிவரத்தில் அந்த வழக்கு ஒருமுறை முடிந்த வழக்கு. கட்சிக்காரருக்கோ வருடங்கள் போனதுதான் மிச்சம்.

சட்டம் தானே கெடு வைத்துப் பார்த்ததும் நமக்குத் தெரியும். 2002ஆம் ஆண்டு ஜூலை முதல் நடைமுறைக்கு வந்த சிவில் நடைமுறைச் சட்டத் திருத்தத்தின்படி, வழக்குக்குப் பதிலாகப் பிரதிவாதி எதிருரை தாக்கல் செய்ய முப்பது நாள், நீட்டித்தாலும் தொண்ணூறு நாள், ஒரு தரப்புக்கு மூன்று வாய்தாவுக்கு மேல் கிடையாது. அந்தத் திருத்தங்களை எதிர்த்து உச்ச நீதிமன்றம் வரை போனது நம் சேலம் வழக்கறிஞர் சங்கம். திருத்தங்கள் செல்லும் என்றாலும், நியாயமான காரணம் இருந்தால் அந்த வரம்புகளைத் தாண்டலாம் என்று 2005இல் விளக்கம் கிடைத்தது. அந்த விளக்கம் சரியானது என்றே நினைக்கிறேன். பிரசவத்துக்குப் போன பெண்ணுக்கும் விபத்தில் கிடப்பவனுக்கும் நான்காவது வாய்தா கொடுக்க முடியாத நீதிமன்றம் எனக்கு வேண்டாம். ஆனால் அந்த வாசல் வழியாக உண்மையான காரணங்களோடு பொய்க் காரணங்களும் நுழைந்தன. எது உண்மை, எது பொய் என்று தினமும் பிரித்துப் பார்க்க நீதிபதிக்கு அவகாசம் வேண்டும். நூற்றுக்கணக்கான வழக்குகளை அழைக்கும் காலையில் அது இல்லை.

29 பிப்ரவரி 2024 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு அலகாபாத் உயர் நீதிமன்ற வழக்கறிஞர் சங்கத்தின் வழக்கில் தீர்ப்பு வழங்கியது. தடை உத்தரவுகள் ஆறு மாதத்தில் தாமாகவே காலாவதியாகிவிடும் என்ற 2018ஆம் ஆண்டுத் தீர்ப்பை அது மாற்றியதைத்தான் செய்தித்தாள்கள் பெரிதாக எழுதின. நான் திரும்பத் திரும்பப் படித்தது வேறு பகுதியை. பிற நீதிமன்றங்களில் இருக்கும் வழக்குகளுக்கு உயர் நீதிமன்றமும் உச்ச நீதிமன்றமும் சாதாரணமாகக் கெடு விதிக்கக் கூடாது, மிக விதிவிலக்கான நிலையில் மட்டுமே செய்யலாம் என்று அது சொன்னது. கூடவே, அங்கே வரை போகும் வசதி எல்லோருக்கும் இல்லை, வசதியுள்ளவர்கள் உத்தரவு வாங்கி முந்திக்கொள்ள, மற்றவர்கள் வரிசையில் பொறுமையாகக் காத்திருக்கும் நிலையை அனுமதிக்க முடியாது என்றும் சொன்னது. என் மேசைக்கு முன் நின்ற அம்மாளின் கேள்வியை ஐந்து நீதிபதிகள் காதில் வாங்கிக்கொண்டார்கள் என்றே எனக்குத் தோன்றியது.

ஆனாலும் அந்தத் தீர்ப்போடு முழுவதும் ஒத்துப்போக என்னால் முடியவில்லை. எந்த வழக்குக்கு முன்னுரிமை என்பதை அந்தந்த நீதிமன்றமே முடிவு செய்யட்டும் என்கிறது அது. கீழே நிலைமை தெரிந்தவர் அங்கே இருக்கும் நீதிபதிதான், உண்மை. ஆனால் அவருக்கு முன்னால் செல்வாக்குள்ள வழக்கறிஞர்கள் தினமும் நிற்கிறார்கள். எதிராளி வேண்டுமென்றே இழுத்தடிக்கிற வழக்கில், எண்பது வயதைத் தாண்டிய வாதிக்கு மேலிருந்து வருகிற ஓர் உத்தரவு மட்டுமே துணையாக இருந்ததையும் பார்த்திருக்கிறேன். வாடகையும் தராமல், வீட்டையும் விடாமல் ஒருவர் இழுத்த வழக்கில், கெடு வந்த மறுமாதமே சமரசத்துக்கு வந்தார்கள். அந்த வாசலை முற்றிலும் மூடிவிட்டால் நஷ்டம் எளியவர்களுக்கே. உத்தரவு போடுவதற்கு முன் கீழமை நீதிமன்றத்திடம் ஓர் அறிக்கை கேட்டுவிட வேண்டும் என்பதே என் எண்ணம். யாரால் தாமதம், அந்த நீதிமன்றத்தில் இதற்கு முன் எத்தனை வழக்குக்குக் கெடு நிலுவையில் இருக்கிறது, இதைவிடப் பழைய வழக்குகள் எத்தனை, விசாரணைக்கு நீதிபதி இருக்கிறாரா? ஒரு பக்கம் போதும், மின்னஞ்சலில் இரண்டு நாளில் அனுப்பிவிடலாம். கால நீட்டிப்புக் கடிதங்களுக்குச் செலவிட்ட நேரத்தில் சிறு பகுதிகூட இதற்கு ஆகாது.

எல்லோருக்குமாக வந்த உத்தரவு

கதவைத் தட்டியவருக்கு மட்டும் வருகிற உத்தரவு ஒரு வகை. தட்டாதவர்களையும் சேர்த்து வருகிற உத்தரவு இன்னொரு வகை. இரண்டாவது வகைக்கு அண்மை உதாரணம் தமிழ்நாட்டிலிருந்து போன பெரியம்மாள் வழக்கு. 1980இல் எழுதிக்கொண்ட கிரய ஒப்பந்தத்தில் பிறந்த தகராறு அது. தீர்ப்பு கிடைத்து, மேல்முறையீடுகள் எல்லாம் முடிந்த பிறகும் நிலம் கைக்கு வராமல் இழுத்துக்கொண்டே போனது. இந்தியாவில் வழக்காடியின் துன்பம் தீர்ப்பு கையில் கிடைத்த பிறகுதான் தொடங்குகிறது என்று லண்டன் பிரிவி கவுன்சில் 1872இலேயே சொன்னது. அது இன்றைக்கும் பொய்க்கவில்லை. 2025 மார்ச்சில் இந்த வழக்கை முடித்த உச்ச நீதிமன்றம், கிடைத்த தீர்ப்பை நடைமுறைப்படுத்தித் தரக் கேட்கும் நிறைவேற்று மனுக்களின் நிலுவைக் கணக்கை எடுத்து, ஆறு மாதத்துக்குள் அவற்றை முடிக்க வழி செய்ய வேண்டும் என்று எல்லா உயர் நீதிமன்றங்களுக்கும் உத்தரவிட்டது. அக்டோபரில் கணக்கு வந்தபோது, நாடு முழுவதும் 8.82 லட்சம் நிறைவேற்று மனுக்கள் இன்னும் நிலுவையில் இருந்தன. அந்த எண்ணைத்தான் எல்லோரும் வேதனையோடு எழுதினார்கள். அதே அறிக்கையில் இன்னோர் எண்ணும் இருந்தது. அந்த ஆறு மாதத்தில் முடிந்தவை 3.38 லட்சத்துக்கு மேல். யாரும் தனித்தனியாக மனு போட்டு வாங்காத கெடுவில் அத்தனை மனுக்கள் முடிந்திருக்கின்றன. நீதிமன்ற ஊழியரான அமீனா போய் வீட்டைத் திறந்து ஒப்படைத்திருப்பார், டெபாசிட் செய்த பணம் கைக்கு வந்திருக்கும். அவர்களில் பெரும்பாலோர் சென்னையையோ டெல்லியையோ எட்டிப் பார்த்திருக்கமாட்டார்கள்.

2022இல் கேரளத்து வழக்கு ஒன்றில் வந்த உத்தரவும் இப்படிப்பட்டதுதான். பாகப்பிரிவினையில் யாருக்கு எவ்வளவு பங்கு என்று சொல்லும் முதல்நிலைத் தீர்ப்பு வந்ததும் வழக்கை முடிந்த கணக்கில் சேர்த்து அலமாரியில் போட்டுவிடக் கூடாது, சொத்தைப் பிரித்துக் கொடுக்கும் இறுதித் தீர்ப்புக்கான வேலையை நீதிமன்றமே தானாகத் தொடங்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. முதல்நிலைத் தீர்ப்போடு எல்லாம் முடிந்ததென்று நினைத்து, தனி மனு போட வேண்டும் என்பதே தெரியாமல் வருடக்கணக்கில் வீட்டில் உட்கார்ந்திருந்த அக்காள் தங்கைகளை நான் அறிவேன். அவர்களுக்கு இந்த ஒரு வரி, நூறு தனிக் கெடுக்களைவிடப் பெரிய உதவி. யாரையும் பின்னால் தள்ளாமல் வேலையின் போக்கையே அது மாற்றுகிறது. மேல் நீதிமன்றங்களிடமிருந்து இப்படிப்பட்ட உத்தரவுகள் இன்னும் வர வேண்டும் என்று ஆசைப்படுகிறேன். சம்மன் எதிராளியிடம் போய்ச் சேராமல் வருடம் போவதைப் பற்றி வரட்டும். நில அளவையருக்காக ஆணையர் மாதக்கணக்கில் காத்திருப்பதைப் பற்றி வரட்டும்.

கெடு வைப்பதென்றால், வைத்த கெடு ஒன்று இருபது வருடத்துக்கு மேலாக அப்படியே கிடக்கிறது. பத்து லட்சம் மக்களுக்கு 10.5 நீதிபதிகள்தான் இருக்கிறார்கள், அதை 50 ஆக உயர்த்த வேண்டும் என்று சட்ட ஆணையம் தன் 120ஆவது அறிக்கையில் 1987இல் சொன்னது. அதை ஐந்து வருடத்துக்குள் படிப்படியாகச் செய்து முடிக்கும்படி அகில இந்திய நீதிபதிகள் சங்க வழக்கில் உச்ச நீதிமன்றம் 2002இல் அரசுகளுக்கு உத்தரவிட்டது. 2007இல் முடிந்திருக்க வேண்டிய வேலை. காலியிடங்களையும் சேர்த்து, ஒப்புதல் பெற்ற பணியிடங்களைக் கணக்கிட்டாலும் இன்று அந்த எண்ணிக்கை 21, 22 அளவில்தான் நிற்கிறது. எங்கள் நீதிமன்றத்து நீதிபதி ஒரு வாரம் தவறினாலும் தேதிவாரியாகக் காரணம் எழுதி அனுப்பினார், நான் சரிபார்த்து முத்திரை வைத்தேன். அரசுகளிடமும் அதேபோலத் தேதிவாரியாகக் காரணம் கேட்கும் அதிகாரம் உச்ச நீதிமன்றத்துக்கு இருக்கிறது. எந்த மாநிலத்தில் எத்தனை பணியிடம் காலி, எந்த ஊர் நீதிமன்றம் எத்தனை மாதமாகப் பொறுப்பு நீதிபதியோடு ஓடுகிறது, கூடுதல் நீதிமன்றத்துக்கான கோப்பு எந்தத் துறையில் எந்த நாளிலிருந்து இருக்கிறது என்று கேட்டு, பதில் வரும்வரை வாய்தா கொடுக்காமல் கேட்க வேண்டும். எங்கள் ஊருக்குத் தனியாக ஓர் உரிமையியல் நீதிமன்றம் வேண்டும் என்ற கோரிக்கை நான் பணியில் இருந்தபோதே எழுதப்பட்டது. இன்றும் அங்கே ஒரே நீதிபதிதான் இரண்டு வேலையையும் பார்க்கிறார்.